மாடி அறை, பன்னிரண்டு நாற்காலி: துணையை இழந்தவர்கள் கூடும் இடத்துக்கு ஒன்பது மாதம் போய்வந்தவனின் விமர்சனம்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஐந்துக்கு நான்கு நட்சத்திரம். ஒன்றைக் குறைத்தது மாடிப்படிக்காக. இரண்டாவது மாடி, லிஃப்ட் கிடையாது, கைப்பிடி ஒரு இடத்தில் ஆடுகிறது, வருகிறவர்களில் பாதிப் பேர் அறுபதைத் தாண்டியவர்கள். முட்டி வலிக்காரர்கள் ஒவ்வொரு திருப்பத்திலும் நின்று மூச்சு வாங்கித்தான் மேலே வருகிறார்கள். இதை அங்கே நேரிலும் சொல்லியிருக்கிறேன், அதனால் புறம் பேசுவதாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

என்ன இடம் என்று கேட்பீர்கள். கணவனையோ மனைவியையோ பறிகொடுத்தவர்கள் மாதத்தில் முதல் சனிக்கிழமை நாலு மணிக்குக் கூடி ஆறு மணி வரை பேசுகிற ஒரு கூட்டம். திருவல்லிக்கேணிப் பக்கம், ஒரு சந்தில். கட்டணம் இல்லை, வாசலில் ஒரு உண்டியல் இருக்கிறது, போட்டால் போடலாம், யாரும் பார்ப்பதில்லை. பெயரும் விலாசமும் இங்கே போடவில்லை, நடத்துகிறவர்கள் போட வேண்டாம் என்றார்கள். பன்னிரண்டு நாற்காலிதான் இருக்கிறது, நாற்பது பேர் வந்து நின்றால் ஒருத்தருமே வாயைத் திறக்க மாட்டார்கள் என்பது அவர்கள் பயம், நியாயம்தான். இது மாதிரி வேண்டும் என்பவர்கள் உங்கள் ஊரில் புற்றுநோய் சிகிச்சை தரும் ஆஸ்பத்திரியில் பேலியேட்டிவ் கேர், அதாவது வலி தணிக்கிற பிரிவு இருந்தால் அங்கே போய்க் கேளுங்கள். எனக்கு அப்படித்தான் தெரிந்தது, என் மனைவிக்குக் கடைசி இரண்டு மாதம் மார்ஃபின் கொடுத்த நர்ஸம்மா ஒரு துண்டுச் சீட்டில் நம்பர் எழுதித் தந்தார். அந்தச் சீட்டு ஐந்து மாதம் என் சட்டைப் பையிலேயே இருந்து, ஒருமுறை வாஷிங் மெஷினுக்கும் போய்வந்தது.

என்னைப் பற்றிக் கொஞ்சம் சொன்னால்தான் மீதி புரியும். வயது 63, அம்பத்தூர், மின்வாரியத்தில் கணக்குப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவன். மனைவி போய்ப் பதினான்கு மாதம் ஆகிறது. சினைப்பைப் புற்றுநோய். வயிறு உப்புசம் என்று ஆறு மாதம் ஓமத் தண்ணீரும் ஜெலுசிலும் குடித்துக்கொண்டு இருந்தாள், நானும் ‘கேஸ்தான், ராத்திரி உருளைக்கிழங்கை நிறுத்து’ என்று சொல்லிக்கொண்டு இருந்தேன். ஸ்கேன் எடுத்தபோது மூன்றாம் நிலை. அந்த உருளைக்கிழங்கு வாக்கியத்தை நான் முதல் முறையாக வெளியே சொன்னது அந்த மாடி அறையில்தான், மகளிடம்கூட அதுவரை சொன்னதில்லை.

பதினாறாம் நாள் காரியம் முடிந்த கையோடு சொந்தமெல்லாம் கிளம்பிவிட்டது. மகள் ஓசூரில் இருக்கிறாள், இருபது நாள் இருந்துவிட்டு லீவு தீர்ந்து போனாள். அதற்குப் பிறகு வீட்டுக்கு வந்தவர்கள் எல்லோரும் சொன்னது இரண்டே விஷயம். ஒன்று, ‘மனசைத் தேத்திக்கோங்க, அழுதா அவங்க ஆத்மா அலையும்.’ இன்னொன்று, ‘கொடுத்து வச்சவங்க, பூவும் பொட்டுமா போய்ட்டாங்க.’ இந்த இரண்டாவதைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு வயிற்றைப் பிசையும். 58 வயதில் வயிற்றில் நீர் கோத்து, டியூப் போட்டு நீரை எடுத்து எடுத்து, கடைசியில் ஒரு வாய் கஞ்சி இறங்காமல் செத்துப்போனவளைக் கொடுத்துவைத்தவள் என்கிறார்கள், எதில் கொடுத்துவைத்தவள் என்று திருப்பிக் கேட்க வாய் வராது. தலையை ஆட்டுவேன். காபி போட்டுத் தருவேன், தண்ணியாக இருக்கும், குடித்துவிட்டுப் போவார்கள்.

இதற்கு முன்னால் வேறு இரண்டு வழி பார்த்தேன், அதையும் சொல்லிவிடுகிறேன், ஒப்பிட்டுப் பார்க்க உதவும்.

முதலாவது ஒரு செயலி, மகள் போனில் ஏற்றிக் கொடுத்தாள். பெயர் வேண்டாம். 45 நிமிட வீடியோ பேச்சுக்கு 1,200 ரூபாய். தமிழ் என்று தேர்ந்தெடுத்தேன், வந்த பொண்ணும் நல்ல பொண்ணுதான், இருபத்தைந்து வயது இருக்கும், ஆனால் முன்னால் ஏதோ படிவம் திறந்துவைத்துக்கொண்டு அதைப் பார்த்துப் பார்த்துக் கேட்டார். ‘அங்கிள், உங்க வருத்தத்தை ஒண்ணுலேர்ந்து பத்துக்குள்ள ஒரு நம்பரா சொல்லுங்க.’ நம்பரோடேயே 35 வருடம் குப்பை கொட்டியவன் நான், எனக்கே வரவில்லை. ஏழு என்றேன், ஒரு மரியாதைக்கு. அடுத்த வாரம் ஆறரை என்றேன், அவர் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம். மூன்றாவது வாரம் அவரை ஏமாற்ற மனம் இல்லாமல் நிறுத்திவிட்டேன். ‘உங்கள் பயணம் 60 சதவிகிதம் முடிந்தது, தொடர்ந்து வாருங்கள்’ என்று இப்போதும் குறுஞ்செய்தி வருகிறது. எங்கே போகிற பயணம் என்று தெரியவில்லை.

இரண்டாவது 14416. டெலி மானஸ் என்று 2022 அக்டோபரில் மத்திய அரசு தொடங்கிய தொலைபேசி மனநலச் சேவை, நம் மாநிலத்தில் ‘நட்புடன் உங்களோடு’ என்ற பெயரில் நடக்கிறது. காசு இல்லை, நாள் முழுக்க எப்போது வேண்டுமானாலும் கூப்பிடலாம், தமிழிலேயே பேசலாம். ஒரு ராத்திரி ரெண்டு மணிக்குக் கூப்பிட்டேன். என்ன பேசினேன் என்று முழுக்க நினைவில்லை, பாதி நேரம் அழுதிருப்பேன், அந்தப் பக்கம் இருந்தவர் அவசரப்படுத்தாமல் கேட்டுக்கொண்டு இருந்தார் என்பது மட்டும் நினைவிருக்கிறது. அந்த ஒரு ராத்திரியைக் கடக்க அது போதுமானதாக இருந்தது. செத்துப்போகலாம் என்கிற எண்ணம் தலைக்குள் சுற்றினால் யோசிக்காமல் அதற்கோ, 1986-லிருந்து சென்னையில் நடக்கும் சினேகாவின் 044-24640050 எண்ணுக்கோ கூப்பிடுங்கள். ஆனால் போன் என்பது போன்தான். மறுநாள் அதே ஆள் கிடைக்க மாட்டார், நீங்களும் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். எனக்கு வேண்டியிருந்தது, போன மாதம் நான் சொன்னதை இந்த மாதம் நினைவு வைத்திருக்கிற நாலு முகங்கள்.

சரி, கூட்டத்துக்கு வருகிறேன்.

முதல் நாள் நான் போனது நாலரைக்கு, வேண்டுமென்றேதான் தாமதமாகப் போனேன், ஆரம்பித்துவிட்டார்கள் என்று சொல்லித் திரும்பிவிடலாம் என்ற எண்ணம். கதவு திறந்தே இருந்தது. வட்டமாக நீலப் பிளாஸ்டிக் நாற்காலிகள், நடுவில் ஒன்றுமில்லை, குத்துவிளக்கு, சாமி படம், மாலை போட்ட போட்டோ எதுவும் இல்லை. ஜன்னலோரத்தில் ஒரு நாற்காலி காலி. நடத்துகிற அம்மா, ஐம்பதுக்கு மேல் இருக்கும், படித்த உளவியல் ஆலோசகர், கையால் அந்த நாற்காலியைக் காட்டிவிட்டுப் பேசிக்கொண்டிருந்தவர் பக்கம் திரும்பிக்கொண்டார். ‘வாங்க சார், உங்களைப் பத்திச் சொல்லுங்க’ கிடையாது. அது எனக்குப் பெரிய நிம்மதியாக இருந்தது. முக்கால் மணி நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

விதிமுறை மூன்றுதான். இங்கே கேட்டது இந்தப் படியோடு நிற்க வேண்டும். பேசாமல் இருக்கலாம். யாருக்கும் யோசனை சொல்லக் கூடாது. இந்த மூன்றாவதுதான் நம்ம ஆட்களுக்குப் பெரும்பாடு. ஒருத்தர் அழ ஆரம்பித்தால் நமக்குக் கை பரபரக்கும், திருவண்ணாமலைக்கு ஒரு கிரிவலம் போய்ட்டு வாங்க, வாக்கிங் போங்க, பேரப்பிள்ளையோட இருங்க என்று எதையாவது சொல்லி அந்த அழுகையை மூடியாக வேண்டும். அங்கே அதைச் சொல்ல முடியாது. சொன்னால் அந்த அம்மா, ‘சார், அது உங்களுக்கு ஆறுதலா இருந்ததா?’ என்று ஒரே கேள்விதான் கேட்பார். அதோடு சரி, அவரவர் கதைக்கு வந்துவிடுவார்கள்.

என் முறை வந்தபோது, ‘பேசணும்னு இல்ல சார், அவங்க பேரை மட்டும் சொல்லுங்க’ என்றார்.

எனக்கு வாய் வரவில்லை. துக்கத்தில் தொண்டை அடைத்தது என்று நினைக்காதீர்கள், அது அடுத்த விஷயம். 34 வருடக் குடித்தனத்தில் நான் அவளைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை என்பது அந்த நொடியில்தான் உறைத்தது. ‘ஏம்மா’, ‘இந்தாம்மா’, யாராவது இருந்தால் ‘பாப்பா அம்மா’. அவளும் என்னை ‘என்னங்க’வைத் தாண்டிக் கூப்பிட்டதில்லை. அவள் பேர் ரேஷன் கார்டில் இருந்தது, கேஸ் புத்தகத்தில் இருந்தது, ஆஸ்பத்திரி ஃபைலில் இருந்தது, டோக்கன் நம்பரோடு நர்ஸ் கத்தும்போது கேட்டிருக்கிறேன். என் வாயில் இருந்ததில்லை. சொன்னேன். சொன்னதும் பக்கத்தில் இருந்த இன்னொரு பெரியவர், எங்களுக்கு முன்பின் பழக்கமில்லை, ‘நானும்தான் சார், அவ போனப்புறம்தான் சொல்லிப் பழகினேன்’ என்றார். அன்றைக்கு நான் பேசியது அந்த ஒரு பேர் மட்டும்தான். திரும்பும்போது பஸ்ஸில் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு நாலைந்து தடவை மெதுவாகச் சொல்லிப் பார்த்தேன்.

மூன்றாவது மாதமோ நாலாவதோ, இருக்கட்டும், அன்று நடந்ததற்காகத்தான் இதை எழுதவே உட்கார்ந்தேன். மீஞ்சூர் பக்கத்திலிருந்து ஒரு பொண்ணு வரும், முப்பதை ஒட்டிய வயது, கணவர் பைக் விபத்தில் போய்விட்டார், ஏழு வயதில் ஒரு பையன். நான் அன்று அந்தப் ‘பூவும் பொட்டுமா’ விஷயத்தைக் கொட்டிக்கொண்டு இருந்தேன், கொஞ்சம் கோபமாகவே. முடித்ததும் அந்தப் பொண்ணு சிரித்தது. சிரித்துவிட்டுச் சொன்னது: ‘சார், உங்க வீட்டம்மாவுக்குச் சொன்ன அதே வாக்கியத்தைத் திருப்பிப் போட்டு எனக்குச் சொன்னாங்க. உனக்குக் கொடுத்து வைக்கலைன்னு சொல்லித்தான் என் பூவை எடுத்தாங்க. சாயங்காலம் தெரு முழுக்கப் பார்க்க, என் சின்ன மாமியாரே பூவை வச்சு, பொட்டை வச்சு, வளையலை அடுக்கி, அப்புறம் அவங்களே எடுத்தாங்க. என் பையன் திண்ணைலேர்ந்து பார்த்துட்டு இருந்தான்.’

அறையில் ஒரு சத்தமும் இல்லை, அந்தப் பாழாய்ப்போன மின்விசிறியின் கடகடப்பைத் தவிர. நான் 63 வயது வரை எத்தனை கேதத்துக்குப் போயிருக்கிறேன், பந்தலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, உள்ளே பெண்கள் கூட்டமாகச் சேர்ந்து என்ன செய்கிறார்கள் என்று ஒரு தடவையாவது யோசித்திருப்பேனா? என் அம்மாவுக்கு இது நடந்தபோது எனக்கு 40 வயது. பத்திரம், பாங்க் புத்தகம் என்று வெளி வேலை பார்த்துக்கொண்டு இருந்தேன். ஒரே ஒரு நம்பிக்கை, அதன் இரண்டு முனைகளிலும் நாங்கள் இருவரும் உட்கார்ந்திருந்தோம், முன்னால் போனால் புண்ணியவதி, பின்னால் இருந்தால் பாவி. 2022-ல் மகாராஷ்டிராவில் கோலாப்பூர் மாவட்டத்து ஹெர்வாட் கிராமப் பஞ்சாயத்தில் இந்தச் சடங்குகளை நிறுத்துவதாகத் தீர்மானம் போட்டார்கள், அப்போது செய்தியில் படித்துவிட்டு ‘நல்ல விஷயம்’ என்று பக்கத்தைப் புரட்டியவன்தான் நானும்.

ஓய்வு பெற்ற தமிழாசிரியர் ஒருவர் வருகிறார், அன்றைக்கு அவர் ஒன்று சொன்னார். மனைவியை இழந்தவனின் நிலைக்குத் தபுதார நிலை என்று தொல்காப்பியத்திலேயே சொல் இருக்கிறதாம். இரண்டாயிரம் வருடமாகச் சொல் இருந்தும் ஒருத்தரும் பயன்படுத்துவதில்லை. பெண்ணுக்கு மட்டும் விதவை, கைம்பெண், அறுதலி, தாலியறுத்தவ, அதிலும் பாதியை வசவாகவே வைத்திருக்கிறோம். எனக்குப் பாங்க் படிவத்தில் எந்தக் கட்டத்தில் டிக் போடுவது என்று இன்னும் குழப்பம், திருமணமானவர் என்றே போட்டுவிட்டு வருகிறேன்.

எழுபது வயது அம்மா ஒருவர் இருக்கிறார், புரசைவாக்கம். அவர் வாயைத் திறந்தால் நடத்துகிற அம்மாவே கொஞ்சம் நிமிர்ந்து உட்காருவார். ‘எனக்குத் துக்கமே வரலை, நிம்மதியா இருக்கு, அதுக்காகத்தான் அழுவறேன்’ என்றார் ஒருநாள். அவர் கணவர் குடி, அடி. 44 வருடம். இப்போது ராத்திரி கதவு தட்டும் சத்தம் இல்லாமல் தூங்குகிறார், தூங்குவதற்காகக் குற்ற உணர்ச்சி. இதை எந்தத் துக்க வீட்டில் சொல்ல முடியும்? செத்தவர்களைக் கடவுளாக்கிவிடுகிற ஊர் நம்முடையது, போட்டோவுக்குப் பொட்டு வைத்த பிறகு அவன் அடித்தான் என்று சொன்னால் சொன்னவளைத்தான் பார்ப்பார்கள். அங்கே யாரும் ஒன்றும் சொல்லவில்லை, மீஞ்சூர்ப் பொண்ணு மட்டும் எழுந்து போய்த் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தது.

இன்னொருத்தர், வயது ஐம்பது இருக்கும், 2021 மே மாதம், கொரோனா இரண்டாவது அலையில் மனைவியை இழந்தவர். பிளாஸ்டிக்கில் சுற்றி, தூரத்தில் நிறுத்தி, ஐந்து நிமிடம். முகத்தைக் காட்டவில்லை. உள்ளே இருந்தது அவள்தானா என்ற சந்தேகம் இத்தனை வருடம் கழித்தும் அவருக்கு விடவில்லை, கூட்டத்தில் பச்சைப் புடவை தெரிந்தால் பின்னாலேயே நடந்துவிடுகிறாராம். இதைச் சொல்லிவிட்டு ‘எனக்குப் பைத்தியமா மேடம்?’ என்று கேட்டார். அப்போதுதான் அந்த அம்மா கொஞ்சம் விளக்கமாகப் பேசினார், பொதுவாக அவர் வகுப்பெடுக்கிற ரகமில்லை. பெரும்பாலானவர்களுக்குத் துக்கம் கொஞ்சம் கொஞ்சமாக இடம் விட்டுக்கொடுக்கும், சிலருக்கு மட்டும் முதல் வாரத்து உக்கிரத்திலேயே நின்றுவிடும், நீடித்த துக்கம் என்று அதற்கு இப்போது தனியாகவே பெயர் வைத்திருக்கிறார்கள், உலக சுகாதார நிறுவனத்தின் பட்டியல்படி ஆறு மாதம் தாண்டினால், 2022-ல் திருத்திய அமெரிக்க மனநலக் கையேட்டின்படி ஒரு வருடம் தாண்டினால், தினசரி வாழ்க்கை ஓடாத அளவுக்கு இருந்தால் மனநல மருத்துவரைப் பார்க்க வேண்டும் என்றார். ஆறா பன்னிரண்டா என்று அவர்களுக்குள்ளேயே கணக்கு ஒத்துப்போகவில்லை பாருங்கள், ஆடிட்டில் இதை விடவே மாட்டோம். ஆனால் அவரை அனுப்பியது நல்லதாகப் போயிற்று, அரசு ஆஸ்பத்திரியில் பார்த்துக்கொண்டு இருக்கிறார், கூட்டத்துக்கும் வருகிறார். எதை அந்த வட்டத்துக்குள் பேசலாம், எதை வைத்தியரிடம் அனுப்ப வேண்டும் என்ற நிதானம் நடத்துகிறவருக்கு இருக்கிறது, இந்தச் சேவையில் நான் அதிகம் மதிக்கிறது அதைத்தான்.

துக்கத்துக்கு ஐந்து கட்டம் என்று ஒரு வாட்ஸ்அப் செய்தி சுற்றுகிறது, மறுப்பு, கோபம், பேரம், சோர்வு, ஏற்பு. என் மச்சினன் மூன்று தடவை அனுப்பிவிட்டான், ‘மாமா நீங்க இப்போ எந்தக் கட்டம்?’ என்று கூடவே ஒரு கேள்வி. அது 1969-ல் எலிசபெத் கூப்ளர்-ராஸ் என்ற மருத்துவர், சாகப்போகிற நோயாளிகளோடு பேசி எழுதியது, பின்னால் இருந்து அழுகிறவர்களுக்கான அட்டவணையாக அது தொடங்கவில்லை. இதை அங்கே கேட்டதும் எனக்கு ஒரு பாரம் இறங்கியது, ஏனென்றால் நான் காலையில் ஏற்பிலும் மத்தியானம் கோபத்திலும் இருக்கிறவன். 1999-ல் நெதர்லாந்தில் ஸ்ட்ரோப், ஷூட் என்று இரண்டு ஆய்வாளர்கள் சொன்னது என் கதைக்கு நெருக்கமாக இருந்தது: மனசு துக்கத்துக்கும் அன்றாட வேலைக்கும் நடுவே ஊஞ்சல் மாதிரி போய்ப் போய் வரும், அப்படி வருவதுதான் இயல்பு. அவள் புடவையை மோந்து பார்த்து அழுத அரை மணி நேரத்தில் நான் போய் அரிசி விலையில் பேரம் பேசியிருக்கிறேன், என்ன மனுஷன் நான் என்று என்னையே திட்டியிருக்கிறேன். இனி அந்தத் திட்டு இல்லை.

உடம்பைப் பற்றியும் அங்கே பேச்சு வரும். எட்டு மாதமாக என்னை யாருமே தொடவில்லை என்றார் ஒரு டீச்சரம்மா. வேறு எந்த அர்த்தமும் இல்லை, கையைப் பிடிக்க, நெற்றியில் காய்ச்சல் இருக்கிறதா என்று பார்க்க ஒரு ஆள் இல்லை. பேருந்தில் பக்கத்தில் உட்கார்ந்த பெண் தூங்கித் தோளில் சாய்ந்தபோது இறங்க வேண்டிய நிறுத்தத்தைத் தாண்டிப் போய்விட்டாராம். ஆண்களில் ஒருத்தரும் அன்று நிமிர்ந்து பார்க்கவில்லை, எல்லோரும் தரையைப் பார்த்துக்கொண்டு இருந்தோம், எல்லோருக்கும் அதே கதைதான் என்பதால்.

எங்கள் கிராமத்தில், விழுப்புரம் பக்கம், பெண்களுக்கு ஒப்பாரி இருந்தது. என் அத்தை மாமாவுக்காக ஒப்பாரி வைக்கும்போது, அவர் வாங்கித் தராத கம்மலிலிருந்து கொழுந்தன் வெட்டிய வரப்பு வரை பாட்டிலேயே கணக்குத் தீர்த்துவிடும், யாரும் தப்பாக எடுத்துக்கொள்ள முடியாது. ஆம்பளைக்கு என்ன இருந்தது? பறை அடிக்கிறவருக்குக் காசு கொடுக்கிற வேலை. எங்கள் கூட்டத்திலும் இது தெரியும், பெண்கள் இருபது நிமிடம் பேசுவார்கள், ஆண்கள் ‘அப்படியே ஓடுது மேடம்’ என்று முடித்துவிடுவோம். ஆண்களுக்கு மட்டும் தனியாக ஒரு வட்டம் வைக்கலாம் என்று சிலர் கேட்கிறார்கள். எனக்கு இஷ்டமில்லை. தனியாக விட்டால் நாங்கள் கிரிக்கெட்டும் பென்ஷனும்தான் பேசுவோம்.

குறைகளை மறைக்கக் கூடாது. படியைச் சொல்லிவிட்டேன். மின்விசிறி சத்தத்தில் மெல்லப் பேசுகிறவர்கள் குரல் காதில் விழாது, நிறுத்தினால் மே மாதத்தில் வேகும். பதிவுப் படிவம் ஆங்கிலத்தில் மட்டும் இருந்தது, நாங்கள் சத்தம் போட்ட பிறகு தமிழில் அடித்தார்கள், அதிலும் ‘இறந்தவருடன் உறவுமுறை’ என்ற இடத்தில் எழுத்துப்பிழை. சனிக்கிழமை நாலு மணி என்பது என்னைப் போல ஓய்வு பெற்றவர்களுக்கு வசதி, ஜவுளிக்கடையில் நிற்கிறவர்கள் எப்படி வருவார்கள்? பிள்ளையை யாரிடம் விட்டுவிட்டு வருவது என்று மீஞ்சூர்ப் பொண்ணு ரெண்டு மாதம் வரவில்லை, இப்போது பையனையும் கூட்டிவருகிறது, அவன் வராந்தாவில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுகிறான், கணக்கு மட்டும் நான் சொல்லித் தருகிறேன், அதனால் முதல் கால் மணி நேரம் எனக்குப் போய்விடுகிறது. அப்புறம் ஒருநாள் ஒருவர் புதிதாக வந்து பூர்வஜென்ம வினை என்று ஆரம்பித்தார், தடுப்பதற்குள் பத்து நிமிடம் பேசிவிட்டார், அந்த டீச்சரம்மா எழுந்து போய்விட்டார். அன்று நடத்துகிறவர் கொஞ்சம் முன்னாலேயே குறுக்கிட்டிருக்க வேண்டும், அதையும் சொன்னோம், ஒப்புக்கொண்டார்.

அங்கே போனதால் என்ன நடந்தது என்று கேட்டால் பட்டியல் போட என்னிடம் பெரிதாக இல்லை. எங்கள் ரேஷன் ஸ்மார்ட் கார்டில் குடும்பத் தலைவி அவள், போட்டோவும் அவளுடையது. பெயர் நீக்க மனு கொடுக்க வேண்டும் என்று எல்லோரும் சொன்னார்கள், நீக்கம் என்ற அந்த வார்த்தைக்காகவே பத்து மாதம் தள்ளிப்போட்டேன். கடைசியில், பச்சைப் புடவை தெரிந்தால் பின்னாலேயே நடக்கிறாரே, அவர் இ-சேவை மையத்துக்கு என்னோடு வந்தார். கம்ப்யூட்டர் முன்னால் இருந்த பையன் ‘காரணம்?’ என்று கேட்டபோது நான் பேசாமல் நின்றேன், அவரும் பேசவில்லை, எனக்காகச் சொல்லிவிடவில்லை, காத்துக்கொண்டு நின்றார். ‘செத்துட்டாப்பா’ என்று நானே சொன்னேன். பழைய கார்டைப் பர்ஸிலேயே வைத்திருக்கிறேன்.

மகளிடம் தினமும் ஒன்பது மணிக்குப் பேச்சு, ‘சாப்டியாப்பா’, ‘ஆச்சும்மா, நீ?’, முடிந்தது. இரண்டு பேரும் அழுகையை மறைக்கிறோம் என்பது இரண்டு பேருக்கும் தெரியும். ஒருநாள் நான் அந்த உருளைக்கிழங்கு விஷயத்தைச் சொன்னேன். அந்தப் பக்கம் ரொம்ப நேரம் ஒன்றும் இல்லை, லைன் கட்டாகிவிட்டதோ என்று பார்த்தேன். அப்புறம் அவள், ‘அம்மா என்கிட்டயும் வயிறு உப்புசம்னு சொன்னாப்பா, நான் ஹெர்பல் டீ வாங்கி அனுப்பினேன்’ என்றாள். அன்று போனை வைக்கும்போது பன்னிரண்டு மணி.

போகிற வழி பற்றிக் கொஞ்சம். ஐஸ் ஹவுஸ் நிறுத்தத்தில் இறங்கி நடப்பேன். கடற்கரைச் சாலையில் அந்த வட்டமான கட்டடம், இப்போது விவேகானந்தர் இல்லம், அமெரிக்காவிலிருந்து கப்பலில் வந்த ஐஸைப் பத்திரப்படுத்த 1842-ல் கட்டியது. நூறு வருடத்துக்கு முன்னால் அங்கேதான், தானே சின்ன வயதில் விதவையான சகோதரி சுப்பலட்சுமி, குழந்தை விதவைகளை வைத்துப் படிக்கவைத்தார். மொட்டையடித்த சின்னப் பிள்ளைகள் அந்த ஜன்னல்களிலிருந்து கடலைப் பார்த்துக்கொண்டு இருந்திருக்கும் என்று நினைத்துக்கொண்டே சந்துக்குள் திரும்புவேன். ஆட்டோ என்றால் சந்து முனையிலேயே இறங்கிவிடுங்கள், உள்ளே வண்டி திரும்பாது.

ஐந்து மணிக்கு டீ வரும், கீழே இருக்கிற கடையிலிருந்து பிளாஸ்க்கில். கூட ஆளுக்கு இரண்டு பொறை. டீ கொதிக்கக் கொதிக்க இருக்கும், ஏலக்காய் போட்டிருப்பார்கள், சர்க்கரை மட்டும் வாயில் வைக்க முடியாத அளவு. எனக்குப் பன்னிரண்டு வருடமாகச் சர்க்கரை வியாதி, வீட்டில் டப்பாவை எந்த அடுக்கில் ஒளித்துவைத்தாள் என்று கடைசி வரை எனக்குத் தெரியாது, போன பொங்கலுக்குப் பரணைச் சுத்தம் செய்தபோதுதான் பழைய பித்தளைத் தூக்குக்குள் கிடைத்தது. அந்த டீயைக் குடிக்கும்போதெல்லாம் ‘என்னங்க’ என்று ஒரு அதட்டல் காதில் விழும். சர்க்கரை வேண்டாம் என்பவர்கள் டீ கொண்டுவரும் பையனிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள், தனி டம்ளரில் தந்துவிடுவான். நான் சொல்லவில்லை.